மணப்பாட்டுக் கரையில் பிரிந்த குழு

"பிரயாணிகளின் குழுவை எக்காரணம் கொண்டும் பிரிக்கலாகாது. பிரிக்க வேண்டிய அவசியம் நேர்ந்தால், வழிகாட்டி அதற்கான காரணங்களை எழுத்து மூலம் தலைமை அலுவலகத்துக்குத் தெரிவித்து, பதில் வந்து சேரும்வரை குழு முழுவதையும் இருந்த இடத்திலேயே இருத்திவைக்க வேண்டும்."

இது எங்கள் கம்பெனியின் இருபத்து மூன்றாம் விதி. மொத்தம் அறுபத்தொரு விதிகள். இன்றைக்கும் எனக்கு எல்லாம் உட்பிரிவோடு மனப்பாடம். இந்த விதியை எழுதியவர் கொழும்பில், ஆள் இழுக்கும் பங்கா விசிறிக்கு அடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்து எழுதினார். கொழும்பிலிருந்து பதில் வர எட்டு நாளாகும் என்பதும், ஐந்து வெள்ளைக்காரர்களை எட்டு நாள் ஒரு மணல் கரையில் இருத்திவைத்தால் ஆறாம் நாள் அவர்கள் வழிகாட்டியையே தின்றுவிடுவார்கள் என்பதும் அவருக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை.

புதிதாக இந்தத் தொழிலுக்கு வந்திருக்கும் நீங்கள், பழைய அனுபவம் ஏதாவது எழுதித் தரச் சொல்லிக் கேட்டீர்கள். வெற்றி பெற்ற கதைகளைக் கிளை அலுவலகத்து அலமாரியில் அறிக்கைகளாகப் படிக்கலாம். எல்லாம் நானே எழுதியவைதான், ஆகையால் நம்ப வேண்டாம். நான் எழுதுவது அந்த இருபத்து மூன்றாம் விதியை நான் மீறிய கதை. மீறியது தவறில்லை என்றே இன்றும் நினைக்கிறேன். தவறு வேறிடத்தில் இருந்தது. அதையும் மறைக்காமல் சொல்கிறேன்.

உங்களுக்கு இப்போது மோட்டார் வண்டி இருக்கிறது. திருச்செந்தூருக்கு ரயிலே போகிறது. இந்த நூற்றாண்டு பிறந்து பத்து வருஷம்கூட ஆகாத அந்தக் காலத்தில் எங்களுக்கு இருந்தவை இரண்டு வில்வண்டிகள், பெட்டிகளுக்கு ஒரு பாரவண்டி, ஆறு காளைகள், அவற்றுக்கெல்லாம் தலைவராக மீரான் சாயபு. மீரான் குலசேகரன்பட்டினத்துக்காரர். வண்டிகளும் காளைகளும் அவருடையவை. கம்பெனி என்பது உண்மையில் அவர்தான். நாங்கள் அதற்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தோம்.

கொழும்பிலிருந்து தூத்துக்குடி வந்து இறங்கும் பிரயாணிகளை ரயிலில் திருநெல்வேலிக்குக் கொண்டுவந்து, பாளையங்கோட்டையில் ஒரு நாள் ஓய்வு கொடுத்து, பிறகு தாமிரபரணியோடு கிழக்கே கிளம்புவோம். அதிகம் போனால் ஆறு பேர். முதல் நாள் முழுவதும் இரண்டு பக்கமும் நெல்லும் வாழையுமாகப் பச்சை. ஸ்ரீவைகுண்டம் தாண்டியதும் காற்றில் உப்பு தெரிய ஆரம்பிக்கும். காளைகளுக்கு நமக்கு முன்னால் தெரிந்துவிடும், மூக்கைத் தூக்கும். திருச்செந்தூரில் அலை வந்து கோயில் சுவரை அறைவதைப் பார்த்துவிட்டு, அங்கிருந்து தெற்கே தேரிக்காட்டு வழி. தேரி என்பது செம்மண் மேடு. மிளகாய்ப் பொடியைக் குவித்துப் பனைமரங்களை நட்டுவைத்தாற்போல மைல் கணக்கில் கிடக்கும். அந்தச் சிவப்பின் மேல் ஏறி நின்றதும் சட்டென்று கீழே நீலமாகக் கடல் வரும். எத்தனையோ பேரை அந்த இடத்துக்குக் கூட்டிப்போயிருக்கிறேன். அங்கே பேச்சை நிறுத்தாத மனிதரை நான் பார்த்ததில்லை. மோட்டாரில் போனால் அது கால் நிமிஷத்தில் கடந்துவிடுகிறது என்று கேள்விப்படுகிறேன். கால் நிமிஷத்தில் பேச்சை நிறுத்த யாரால் முடியும்.

பயணத்தின் கடைசி இடம் மணப்பாடு. கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் மணற்குன்று, அதன் தலையில் சிலுவைக் கோயில், அடியில் மீன்காரர்களின் ஊர். அங்கே காலையில் படகில் ஏற்றி முனையைச் சுற்றிக் காட்டிவிட்டு, மத்தியானம் வண்டி கட்டினால் மறுநாள் பிற்பகல் தூத்துக்குடி. அச்சடித்த நிகழ்ச்சி நிரலில் இதற்கு ‘முனையைச் சுற்றிப் படகுச் சவாரி’ என்று பெயர்.

அந்த வருஷக் கடைசிக் குழு ஏப்ரல் மாதத்தில் வந்தது. ஐந்து பேர். ஓய்வு பெற்ற நீதிபதி ஒருவர், அவர் மனைவி, தேயிலை வியாபாரம் செய்யும் இரண்டு சகோதரர்கள், தனியாக வந்த ஒரு மூதாட்டி. கம்பெனிக் காகிதங்களில் பிரயாணிகளுக்குப் பெயர் கிடையாது, எண்தான். அந்த அம்மையார் ஐந்தாம் எண். ஐவரும் தூத்துக்குடியில் சீமைக்குப் போகும் ஒரு பெரிய கப்பலில் ஏறவேண்டும். அது வழக்கமான கொழும்புக் கப்பல் அல்ல. பருத்தி ஏற்றுவதற்காக எப்போதாவது வருவது. சனிக்கிழமை சூரியன் மறையும் நேரத்தில் நங்கூரம் எடுக்கும். அதை விட்டால் அடுத்தது எப்போதென்று யாருக்கும் தெரியாது.

நாள் குறிக்கும் வேலை என்னுடையது. பஞ்சாங்கத்தைப் பார்த்தேன். அஷ்டமி, நவமி இல்லை, கரிநாள் இல்லை. அலுவலக நாட்காட்டியையும் பார்த்தேன். மணப்பாட்டுக்கு வந்து விழும் வெள்ளிக்கிழமைக்கு நேரே ‘விடுமுறை’ என்று சிவப்பு மையில் போட்டிருந்தது. எனக்குப் பரம சந்தோஷம். விடுமுறை என்றால் மீன் பிடிக்கப் போகமாட்டார்கள், படகெல்லாம் சும்மா கிடக்கும், கேட்டவுடன் கிடைக்கும் என்று கணக்குப் போட்டேன். குமாஸ்தா புத்தி போகாத வழிகாட்டிக்குத்தான் இப்படியொரு யோசனை உதிக்கும்.

வெள்ளிக்கிழமை காலை நாங்கள் மணப்பாட்டில் இறங்கியபோது கரை துடைத்துவிட்டாற்போல இருந்தது. படகுகள் எல்லாம் மேட்டில் ஏற்றிக் கவிழ்த்துக் கிடந்தன. ஒரு வலை காயவில்லை. கோயிலில் மணிக்குப் பதிலாக மரக்கட்டையைத் தட்டும் சத்தம் வந்தது. எங்களுக்கு எப்போதும் படகு தருகிற சூசை, குளித்து வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு தன் வீட்டு வாசலில் நின்றார். தோணி ஓட்டும் தண்டல் அவர், கொழும்புக்கும் போய்வருபவர்.

"என்ன வே, படகு எங்க?" என்றேன்.

"அங்கன கெடக்கு. கண்ணு தெரியலியா?"

"கெடக்குது தெரியுது. எறக்கலியே."

"இன்னைக்கு என்ன நாளுன்னு தெரியுமா பிள்ளைவாள்?"

"வெள்ளிக்கிழமை."

"பெரிய வெள்ளிக்கிழமை. ஆண்டவரு செத்துக் கெடக்காரு. நீரு வந்து படகை எறக்குங்கீரு."

"விடுமுறை நாளுதானேன்னு..."

"உம்ம வீட்டுல எழவு விழுந்த அன்னைக்கு, ‘இன்னைக்கு உமக்கு வேலை இல்லியே, வாரும், ஊரைச் சுத்திக் காட்டும்’னு நான் வந்து கூப்பிட்டா வருவீரா வே?"

கூலியைக் கூட்டிச் சொல்ல வாயெடுத்தவன், அவர் முகத்தைப் பார்த்து மூடிக்கொண்டேன்.

மீரானைத் திரும்பிப் பார்த்தேன். முன்கூட்டிச் சொல்லி அனுப்பும் வேலை அவருடையது.

"என்னையப் பாக்காதீக," என்றார் அவர், காளையின் கழுத்தைச் சொறிந்துகொண்டே. "அன்னைக்கு அவுகளுக்குப் பெரிய நாளுன்னு நான் சொன்னேன். ‘அதனாலதான் வே அந்த நாளு’ன்னு நீங்க சொன்னீக. படிச்சவுக சொல்லும்போது எதோ காரணம் இருக்கும்னு இருந்துட்டேன்."

பிரயாணிகளிடம் போய்ச் சொன்னேன். அன்று பெரிய வெள்ளி என்பது ஐந்து பேருக்கும் தெரியும். மீன்காரர்களுக்கும் அன்று பெரிய வெள்ளிதான் என்பது மட்டும் யாருக்கும் தோன்றியிருக்கவில்லை. நீதிபதி பெருந்தன்மையாகக் கையை அசைத்தார். "சவாரியை நிரலிலிருந்து அடித்துவிடுங்கள். கரையில் நின்றே பார்த்துக்கொள்கிறோம். அதே கடல்தானே." சகோதரர்கள் சீட்டுக்கட்டை எடுத்தார்கள். விஷயம் முடிந்தது என்று நினைத்தேன்.

ஐந்தாம் எண் அம்மையாரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நான்கு நாளும் அவர் என்னிடம் கேட்டது ஒரே கேள்விதான்: "மணப்பாட்டில் படகு உண்டல்லவா?" நானும் நான்கு நாளும் ஒரே பதில்தான் சொன்னேன்: "உண்டு அம்மா, அச்சிட்டிருக்கிறது." தேரியின் சிவப்பு பற்றியும் கோபுரங்களின் உயரம் பற்றியும் கேட்காமல், நான்கு நாள் ஒரே கேள்வியைக் கேட்கும் பிரயாணியிடம் ஏன் என்று திருப்பிக் கேட்காத வழிகாட்டி, காளைக்கு மணி கட்டப் போகலாம்.

அவர் குடையை மடித்துக்கொண்டு என்னிடம் வந்தார். மறுபடியும் விளக்கினேன். கவனமாகக் கேட்டார்.

"அப்படியென்றால் அவர்களைத் தொந்தரவு செய்ய வேண்டாம்" என்றார். சொல்லிவிட்டுக் கைப்பையிலிருந்து நாலாக மடித்த ஒரு காகிதத்தை எடுத்து நீட்டினார். மடிப்புகளில் கிழிந்து ஒட்டப்பட்ட காகிதம். ஒரு கப்பல் கம்பெனியின் கடிதம். பம்பாயிலிருந்து தூத்துக்குடிக்குப் பருத்தி ஏற்ற வந்த கப்பல், மணப்பாட்டு முனைக்குத் தென்கிழக்கே பாறையில் மோதி உடைந்தது. மூன்றாம் அதிகாரி உட்பட ஆறு பேர் கிடைக்கவில்லை. இருபது வருஷத்துக்கு முந்தைய தேதி.

"மூன்றாம் அதிகாரி என் மகன். இருபத்தொரு வயது. கரையிலிருந்து அந்த இடம் தெரியாது என்று சொன்னார்கள். அதன் மேல் ஒருமுறை நிற்கலாம் என்று நினைத்தேன். இனி என்னால் இவ்வளவு தூரம் வர முடியாது."

அவர் அழவில்லை. எனக்கு அதுதான் கஷ்டமாக இருந்தது. காகிதத்தை எடுத்துக்கொண்டு சூசையிடம் போய், உடைந்த கப்பலையும் கிடைக்காமல் போன பையனையும் சொன்னேன்.

"அந்தக் கப்பலா?" என்றார் சூசை. "நான் அப்பக் கொழும்புல கெடந்தேன், எங்க அப்பாதான் சொன்னாவ. பார்ல ஏறி ஒடஞ்சுது." கடலுக்குள் மறைந்திருக்கும் பாறைத் திட்டைத்தான் அவர்கள் பார் என்பார்கள். "அங்கன எப்பவும் நுரை தள்ளும். நாங்க வெலகிப் போவோம்." அம்மையாரை எட்டிப் பார்த்தார். "அவுக மகனா?"

"மகன்."

கடல் பக்கம் திரும்பினார். பிறகு சொன்னார்: "இன்னைக்கு முடியாது. கேக்காதீரும். ஞாயித்துக்கிழமை வரைக்கும் காக்க வேண்டாம், நாளைக்குக் காலைப் பூசையிலேயே மணி அடிச்சிரும், ஆண்டவரு எந்திச்சிருவாரு. அடிச்ச ஒடனே என் தோணி பாய் விரிக்குது, கொழும்புக்கு. கருப்பட்டி ஏத்தி அங்கன நங்கூரத்துல நிக்கி. அவுகளை ஏத்திக்கிட்டுப் போயி, பாருக்கு மேல நிறுத்திக் காட்டிட்டு, நேரா தூத்துக்குடிக் கப்பல்ல விட்டுட்டு, பெறவு நான் என் வழியப் போறேன். கொஞ்சம் சுத்துதான். போவட்டும்."

தூத்துக்குடியில் கடல் ஆழமில்லை. பெரிய கப்பல்கள் ஐந்தாறு மைல் வெளியேதான் நிற்கும். கரையிலிருந்து நீராவிப் படகில் போய் ஏறவேண்டும். தெற்கேயிருந்து வரும் தோணி கரைக்கு வராமலே கப்பலோடு அணைந்துவிடலாம். யோசனை சரிதான். நேரம்தான் இடித்தது.

"பொழுது அடையுற நேரத்துக்குக் கப்பல் நங்கூரம் எடுத்துரும் வே."

"தென்காத்து வச்சிருக்கு. போயிரலாம்."

"காத்து விழுந்துட்டா?"

"விழுந்துட்டா விழுந்ததுதான். காத்துகிட்ட எழுதியா வாங்க முடியும்?"

அம்மையாரிடம் எதையும் குறைக்காமல் சொன்னேன். கப்பலைத் தவறவிடலாம், கடல் கொந்தளிக்கலாம், தோணியில் கருப்பட்டிச் சிப்பத்தின் மேல்தான் உட்கார வேண்டும். அவர் கேட்டது ஒன்றுதான்: "இந்த மனிதர் கடலுக்குப் போகத் தொடங்கி எத்தனை வருஷம்?"

சூசையிடம் கேட்டேன். "நடக்கப் பழகுன நாள்லேர்ந்து," என்றார்.

"போதும்" என்றார் அம்மையார்.

இனி இருபத்து மூன்றாம் விதி. குழு முழுவதும் சனிக்கிழமை வரை இருந்தால், அத்தனை பேரையும் தோணியில் ஏற்ற வேண்டும். இல்லையேல் நாலு பேரும் கப்பலை விடவேண்டும். குழு முழுவதும் இப்போதே புறப்பட்டால், ஒரு தாய் இருபது வருஷம் கழித்து வந்து இரண்டு மைல் தூரத்தில் திரும்பிப் போவாள். மூன்றாவது வழி, பிரிப்பது.

நீதிபதி கொதித்துப்போனார். "ஒருவருக்காக நான்கு பேர் கப்பலை விட வேண்டும் என்பது எந்த ஊர் நியாயம்?" என்றார். அப்படியானால் அம்மையாரை விட்டுவிட்டு நாம் புறப்படலாம் என்றேன். "ஒரு பெண்மணியைத் தனியாக மீன்காரர்களிடம் விட்டுப் போவதா? அதை நான் எழுத்து மூலம் ஆட்சேபிக்கிறேன்." இரண்டுக்கும் அவர் சம்மதிக்கவில்லை. நீதி ஸ்தலத்தில் இது சாத்தியம்; கடற்கரையில் இல்லை.

வண்டியின் மேல் காகிதத்தை வைத்து, விதிப்படி தலைமை அலுவலகத்துக்குக் கடிதம் எழுதினேன். காரணங்கள் ஒன்று முதல் நான்கு வரை. ‘தங்கள் பதிலை எதிர்நோக்கி’ என்று முடித்தேன்.

மீரான் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார். "பதில் வார வரைக்கும் இங்கனயே இருக்கணுமா?"

"விதிப்படி இருக்கணும்."

"கப்பலும் இருக்குமா?"

நான் கடிதத்தை மடித்து உறையில் போட்டேன். அவர் பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்தினார். "பிள்ளைவாள், நான் சொல்லுதேன்னு கோவிச்சுக்காதீக. இவுக நாலு பேரையும் நான் கொண்டு சேத்துருதேன். திருச்செந்தூர்ல மாடு மாத்தினா நாளைக்கு நாலு மணி அசர் தொழுகைக்கு முந்தித் தூத்துக்குடி. வழி எனக்குத் தெரியலேன்னாலும் மாட்டுக்குத் தெரியும். நீங்க அந்தம்மாகூடத் தோணியில வாங்க. மத்தது அவுக நசீபு, தலையெழுத்து."

நல்ல யோசனை. நான் ஏற்கவில்லை. மீரானுக்கு இங்கிலீஷ் தெரியாது, நீதிபதி கோபமாக இருக்கிறார், நாலு பேர் ஒருவரைவிட அதிகம் என்று காரணங்கள் சொன்னேன். எல்லாம் எழுத்தில் நன்றாக நிற்கும் காரணங்கள். உண்மைக் காரணம் வேறு. நீதிபதியின் கோபத்துக்குப் பயந்தேன், கடலுக்கும் பயந்தேன். பத்து வருஷம் கடலோரத்தில் வழிகாட்டியாக இருந்தவன், முனையைச் சுற்றும் படகில்கூட ஒருமுறையும் ஏறியதில்லை. கரையில் நின்று கையசைத்து அனுப்புவதுதான் வழக்கம்.

அம்மையாரின் பெரிய பெட்டி வண்டியில் போயிற்று. கைப்பையும் குடையும் அவரிடம் இருந்தன. சூசையின் மனைவி மரியம்மாள் வந்து அவர் கையைப் பிடித்து வீட்டுக்குள் கூட்டிக்கொண்டு போனார். நாங்கள் புறப்பட்டோம்.

சனிக்கிழமை மூன்று மணிக்குத் தூத்துக்குடி சேர்ந்தோம். வழியெல்லாம் நீதிபதி என்னோடு பேசவில்லை. அதற்காகவா அவர்களோடு வந்தேன் என்று இருந்தது. நாலரைக்கு நீராவிப் படகு நாலு பிரயாணிகளையும் ஐந்து பேர் பெட்டிகளையும் ஏற்றிக்கொண்டு கிளம்பியது. கப்பல் ஒரு கறுப்புப் புள்ளியாகத்தான் தெரிந்தது. தெற்கே பார்த்தேன். நிறையப் பாய்கள் இருந்தன. பெரிய நாள் கழிந்து எல்லாரும் கடலுக்கு வந்திருந்தார்கள். எது சூசையின் பாய் என்று அடையாளம் காண எனக்குத் தெரியவில்லை. காற்று நாலு மணிக்கு மேல் தளர்ந்தாற்போலவும் இருந்தது, இல்லாததுபோலவும் இருந்தது. படகுத்துறைப் பாலத்துக் கொடியைப் பார்த்துப் பார்த்துக் கழுத்து வலித்தது.

நீராவிப் படகு திரும்பி வந்தபோது பொழுது அடைந்துவிட்டது. படகோட்டியிடம் ஓடினேன்.

"தோணி ஏதும் கப்பல்ல வந்து அணைஞ்சுதா?"

"நான் இருக்க வரைக்கும் இல்ல வே. தெக்க ஒரு பாய் தெரிஞ்சுது. தோணியோ, மீன்காரனோ, யாரு கண்டா? கபித்தான் நங்கூரத்தை எடுக்கச் சொல்லிட்டாரு. நான் கயித்தை அவுத்துட்டு வந்துட்டேன்."

தூரத்தில் ஒரு புகை தெரிந்தது. பிறகு அதுவும் இல்லை. பெட்டி கப்பலில் இருந்தது. பெட்டிக்காரர் எங்கே இருக்கிறார் என்று எனக்குத் தெரியவில்லை.

இதைத்தான் உங்களுக்குச் சொல்ல வந்தேன். குழுவைப் பிரித்ததற்காக நான் வெட்கப்படவில்லை. அந்த விதி அன்றைக்குப் பொருந்தாது. பிரித்த பிறகு எந்தப் பக்கம் போனேன் என்பதற்குத்தான் வெட்கப்படுகிறேன். நெருக்கடியில் கால் தானாகச் சத்தம் போடுகிறவர் பக்கம் போகும். புகார் எழுதப்போகிறவர் யார் என்று நமக்குத் தெரியும், அவரோடு போய்விடுவோம். சத்தம் போடாதவருக்குத்தான் ஆள் தேவைப்படும். என்னுடைய முப்பது வருஷத்தில் மறுபடியும் மறுபடியும் இதைப் பார்த்தேன், என்னிடமும் பிறரிடமும்.

திங்கட்கிழமை காலை பாளையங்கோட்டையில் மேலாளர் முன்னால் நின்றேன். கொழும்புக்குத் தந்தி கொடுக்க அனுமதி கேட்டேன்.

"தந்தி எதுக்கு வே? நாப்பதாம் விதியப் பாரும்."

"பாத்திருக்கேன் ஐயா. மரணத்துக்கும், பெட்டி தொலஞ்சதுக்கும் மட்டுந்தான் தந்தி."

"பெட்டி தொலஞ்சுதா?"

"இல்ல. பெட்டி பத்திரமாக் கப்பல்ல இருக்கு."

"மரணம் சம்பவிச்சுதா?"

"தெரியல. அதைத்தான் கேக்கணும்."

"தெரியாததுக்குத் தந்தி கெடையாது. கடுதாசி எழுதும்."

கடிதம் எழுதினேன். வெளியே வந்து என் சொந்தப் பொறுப்பில், கப்பல்காரர்களின் கொழும்பு அலுவலகத்துக்கு ஒரு தந்தியும் கொடுத்தேன். மறுநாளே பதில் வந்தது: பிரயாணிகளின் விவரம் தனி நபர்களுக்குத் தருவதற்கில்லை. எங்கள் தலைமை அலுவலகத்திலிருந்து பத்து நாள் கழித்து ஒரு துண்டுக் காகிதம் வந்தது. பிரயாணி ஊர் போய்ச் சேர்ந்தாரா என்பதை உறுதி செய்ய, ஐம்பத்திரண்டாம் விதிப்படி அந்தப் பிரயாணியின் சீமை விலாசத்துக்கே எழுதியிருக்கிறார்களாம். அதுவரை நான் எந்தக் குழுவையும் கூட்டிப்போகலாகாது. கப்பல்காரர்களின் அலுவலகம் அவர்களுக்கு அதே தெருவில் நாலாவது கட்டடம். கேட்டிருந்தால் குமாஸ்தா நடந்து போய்வரும் நேரத்தில் தெரிந்திருக்கும். ஆனால் செத்துப்போனவரிடமே செத்தீர்களா என்று கேட்பதுதான் முறை என்று விதி இருந்தால், நாம் என்ன செய்ய முடியும்.

சீமைக்குக் கடிதம் போக மூன்று வாரம், வர மூன்று வாரம். நான் தினமும் அலுவலகம் போய்ப் பழைய அறிக்கைகளுக்கு உள்ளடக்க அட்டவணை தயாரித்தேன். மே மாதத்து வெயிலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பொறுக்க முடியாமல் மீரானின் வண்டியில் மணப்பாட்டுக்குப் போனேன். சூசை திரும்பியிருக்கவில்லை. மரியம்மாள் கருவாடு உலர்த்திக்கொண்டிருந்தார்.

"தண்டல்கிட்டேருந்து சேதி ஏதும் உண்டா?"

"கொழும்புக்குப் போன தோணி சரக்கு கெடைக்கலேன்னா அங்கனதான் கெடக்கும். காத்து மாறிச்சுன்னா ஆவணி ஆயிரும். இது புதுசா?"

"பயமா இல்லியா உங்களுக்கு?"

"இருக்கு. அதுக்காகக் கருவாட்டை நனைய விடுவாகளா?" என்று சொல்லிவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நீரு என்ன வே, வந்ததுலேர்ந்து கடலையே பாக்கீரு. அது என்ன உம்ம ஆபீசா, பதில் எழுதிப் போட?"

அந்த அம்மையார் அன்று எப்படி இருந்தார் என்று கேட்டேன்.

"கஞ்சி குடுத்தேன், குடிச்சாவ. என் பின்னாடியே கோயிலுக்கு வந்தாவ. மறுநாளு மணி அடிச்சதும், கூப்பிடக்கூட இல்ல, அவுகளே எந்திச்சுக் கரைக்குப் போயிட்டாவ."

"பாஷை தெரியாம எப்படிப் பேசிக்கிட்டீங்க?"

மரியம்மாள் ஒரு மீனைத் திருப்பிப் போட்டார். "என்ன பேச? எனக்கும் ஒருத்தன் கடலோட போயிட்டான். சுவத்துல அவன் படத்துக்குப் பதிலா ஒரு சிலுவை மாட்டியிருக்கேன், அதைக் காட்டினேன். அவுக வெரலால இருபத்தொண்ணு காட்டினாவ. நான் பத்தொம்பது காட்டினேன். அவ்வளவுதான்."

திரும்பி வந்து மறுபடி அட்டவணையில் உட்கார்ந்தேன்.

கடைசியில் உறை வந்தது. மேலாளர் கத்தியால் கிழித்து, மேலே இருந்த தலைமை அலுவலகத் தாளை முதலில் வாசித்தார். இருபத்து மூன்றாம் விதி மீறப்பட்டதற்காக வழிகாட்டி கண்டிக்கப்பட வேண்டும், பிரயாணி நலம், இணைப்பு ஒன்று. "கண்டிச்சாச்சு வே," என்று சொல்லிவிட்டு இணைப்பை என் பக்கம் தள்ளினார். பெரிய, நடுங்கிய எழுத்து.

‘கப்பல் புறப்படும் நேரத்தில் கயிற்றேணி வழியாக ஏற்றிக்கொண்டார்கள். பெட்டி எனக்கு முன்பே வந்திருந்தது. அந்த இடத்தில் படகுக்காரர் பாயை இறக்கினார். அவரும் அவருடைய ஆட்களும் தலைத்துணியை அவிழ்த்துவிட்டு உட்கார்ந்திருந்தார்கள். நான் கை காட்டும்வரை ஒருவரும் பேசவில்லை. தாமதமானதற்கு என்னைத்தான் குறை சொல்ல வேண்டும். உங்கள் வழிகாட்டி எங்களோடு வராததைப் பற்றி வருந்தியிருப்பார் என்று நினைக்கிறேன். வந்திருந்தால் என்னிடம் அவர் ஏதாவது சொல்ல வேண்டியிருந்திருக்கும். அவர் வராததற்கு நான் நன்றி சொன்னதாகத் தெரிவியுங்கள்.’

இரண்டு முறை படித்துவிட்டு, விதிப்படி, வந்து சேர்ந்த தேதியை மூலையில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்: ஜூன் மாதம் பதினெட்டு.